தண்ணீர் படக் கூடாத இடங்கள்

ஜூன் 4

தம்பிக்கு,

போன வாரம் விசாரணை அலுவலகத்திலிருந்து ஓர் ஆள் வந்து ஒரு பிளாஸ்டிக் உறையைக் கொடுத்துவிட்டுப் போனார். உள்ளே உன் அண்ணனின் மலையேறும் ஷூ. கூடவே ஒரு தாள். மழைக்குப் பிறகு ஈரமாக இருந்த பாறையில் கால் வழுக்கி, ஓடைக்குள் விழுந்து இறந்தார், வேறு யார் மீதும் சந்தேகமில்லை என்று எழுதியிருக்கிறது. ஒன்றேகால் வருஷம் விசாரித்து இதைக் கண்டுபிடித்திருக்கிறார்கள்.

காலிலிருந்து எப்படிக் கழற்றினார்களோ அப்படியே ஈரத்தோடு உறைக்குள் போட்டு ஒட்டி வைத்திருந்திருக்கிறார்கள் போல. பிரித்ததும் அடித்த வாடையில் பாப்பா ஜன்னலைத் திறக்க ஓடினாள். ஷூ மேலெல்லாம் பூஞ்சை. அடியில் சேறு காய்ந்து கல்லாகக் கிடக்கிறது.

குப்பையில் போடலாம் என்றேன். "அப்பாவோடத யாரும் தூக்கிப் போடக் கூடாது" என்று கத்திவிட்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். பதின்மூன்று வயதில் இவ்வளவு சத்தம் வரும் என்று எனக்குத் தெரியாது. சுத்தம் செய்து, முன்பு இருந்த மாதிரியே வாசல் கதவுக்குப் பக்கத்தில் வைக்க வேண்டுமாம். சரி என்று சொல்லித் தொலைத்துவிட்டேன்.

நான் துவைக்கத் தெரியாதவள் இல்லை. ஆஸ்பத்திரி சலவைக் கூடத்தில் பதினொரு வருஷமாகக் குப்பை கொட்டுகிறேன். படுக்கை விரிப்பு, ஆபரேஷன் அறைப் பச்சைத் துணி, எதுவானாலும் கொதிக்கிற தண்ணீரில் போட்டு வெள்ளையாக எடுத்துவிடுவேன். ஆனால் இது துணியுமில்லை, முழுக்கத் தோலுமில்லை. உள்ளே என்னவோ சவ்வு இருக்கிறது என்று நீதான் அன்றைக்குப் பெருமையடித்தாய். கொதிநீரில் போடலாமா? மெஷினில் போடலாமா? எழுது.

துக்க வீட்டில் எல்லார் முன்னாலும் உன்னைப் பார்த்து நான் கேட்டது உனக்கு மறந்திருக்காது. "நீ வாங்கிக் குடுத்த ஷூதானே அவரைத் தள்ளிவிட்டுச்சு?" என்றேன். நீ பையைத் தூக்கிக்கொண்டு போனவன்தான். அதைத் திரும்ப வாங்கிக்கொள்ள இந்தக் கடிதம் எழுதவில்லை. தாளில் எழுதியிருப்பதை நான் நம்பவும் இல்லை. அத்தனை வருஷம் மலை ஏறிய மனுஷன் சும்மா வழுக்கி விழுவாரா?

போன் செய்யாதே. உன் குரலைக் கேட்டால் மறுபடியும் ஏதாவது சொல்லிவிடுவேன்.

அண்ணி


ஜூன் 10

அண்ணிக்கு வணக்கம்.

உங்கள் கையெழுத்தை உறை மேல் பார்த்ததும் எங்கள் ஷூ கடையின் பின்னறைக்குப் போய்த்தான் பிரித்தேன்.

கொதிநீர் கூடவே கூடாது. மெஷினும் கூடாது. ஷூ பாகங்களை ஒன்றோடொன்று பிடித்து வைத்திருப்பது பசைதான். சூடு பட்டால் அது விட்டுவிடும்.

அந்த ஷூவில் மூன்று விதமான மேல்பாகம் இருக்கிறது. ஒவ்வொன்றுக்கும் ஒவ்வொரு மாதிரி கை வைக்க வேண்டும். விரல் பக்கமும் குதிகாலும் வழவழப்பான தோல். ஈரத்துணியைப் பிழிந்து துடைத்தால் போதும். நடுவில் பழுப்பு நிறத்தில், தடவினால் வெல்வெட் மாதிரி இருக்கிறதே, அதுவும் தோல்தான், ஆனால் மேல்பக்கத்தைச் சுரண்டி மெதுவாக்கியது. அதில் தண்ணீரை ஊற்றிவிடாதீர்கள், திட்டுத் திட்டாகிவிடும். முதலில் காய்ந்த பிரஷ். கறை போகாத இடத்தில் பாப்பாவின் அழிரப்பரை வைத்து லேசாகத் தேயுங்கள். பக்கவாட்டில் இருப்பது வலைத்துணி. வெதுவெதுப்பான தண்ணீரில் கொஞ்சம் குளியல் சோப்பு கரைத்து, பழைய பல் பிரஷால் வட்டமாகத் தேய்க்கலாம். சலவைத் தூள், பிளீச், துணியை மெதுவாக்கும் அந்த வாசனைத் திரவம், இது மூன்றும் வேண்டாம். உங்கள் கை தானாகப் பிளீச்சைத் தேடும் என்று தெரியும், அதனால் சொல்கிறேன். தண்ணீரைத் தடுக்கிற அந்த உள் சவ்வின் துளைகள் அடைபட்டுப் போகும்.

பூஞ்சையை வீட்டுக்குள் தட்ட வேண்டாம். பால்கனியில், மூக்கைக் கட்டிக்கொண்டு. வினிகரில் பாதிக்குப் பாதி தண்ணீர் கலந்து, துணியில் தொட்டு ஒற்றி எடுங்கள். முதலில் லேஸுக்குக் கீழே இருக்கும் ஷூவின் நாக்குக்கு அடியில், வெளியே தெரியாத இடத்தில் தொட்டு, நிறம் மாறுகிறதா என்று பாருங்கள்.

அடிப்பாகத்தைக் கடைசிக்கு வையுங்கள். மேலே முடிந்த பிறகுதான் அடி. இல்லையென்றால் அந்தச் சேறு கரைந்து மேல் தோலில் ஏறும்.

காய வைக்கும்போது உள்ளே செய்தித்தாளைக் கசக்கித் திணியுங்கள், ஈரமாக ஆக மாற்றுங்கள். வெயிலில் வைக்காதீர்கள், ஹீட்டர் பக்கத்திலும் வேண்டாம். நிழலும் காற்றும் போதும்.

இன்னும் ஒன்று. லேஸையும் உள்ளே இருக்கும் மெத்தையையும் முதலில் வெளியே எடுக்க வேண்டும். அந்த மெத்தையில் போட்டவரின் பாதம் அப்படியே பதிந்திருக்கும். நீங்கள் முதலில் தனியாகப் பார்த்துவிட்டு, பிறகு பாப்பாவிடம் காட்டுங்கள்.

நீங்கள் கேட்டதற்கு அன்றைக்கும் என்னிடம் பதில் இல்லை அண்ணி. இன்றைக்கும் இல்லை. பதில் இருந்திருந்தால் பையைத் தூக்கியிருக்க மாட்டேன்.

தம்பி


ஜூன் 19

தம்பிக்கு,

ஒரு ஷூவுக்கு இத்தனை பத்தியமா? பிரசவமான பெண்ணுக்குக்கூட நாங்கள் இவ்வளவு பார்க்கவில்லை.

சலவைக் கூடத்தில் இஸ்திரி மேசைக்காரியிடம் சொன்னேன். "அழிரப்பர் வெச்சுத் தோலைத் தேய்க்கணுமாம்டி" என்றதும் விழுந்து விழுந்து சிரித்தாள். யாருடைய ஷூ என்று கேட்டாள். சொன்னேன். அதற்குப் பிறகு அவள் சிரிக்கவில்லை. மறுநாள் வீட்டிலிருந்து மெல்லிசான பிரஷ் ஒன்று கொண்டுவந்து கொடுத்தாள், குழந்தைக்குத் தலை வாருவது.

நீ சொன்ன மாதிரிதான் செய்கிறேன். நாளுக்கு ஒரு இடம். வேலையிலிருந்து வந்து முகம் கழுவிக்கொண்டு பால்கனியில் உட்காருவேன். பாப்பா எதிரில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதுவாள். எழுதுகிற மாதிரி நடிப்பாள். பூஞ்சை போய்விட்டது. பழுப்புத் தோல் ஒரு பக்கம் பழைய நிறத்துக்கு வந்திருக்கிறது. அழிரப்பர் வேலை செய்கிறது, ஒப்புக்கொள்கிறேன்.

லேஸில் ரத்தம் இருந்தது. வலது பக்கத்தில், மேல் முடிச்சில். அதற்கு உன்னைக் கேட்க வேண்டியதில்லை. ரத்தத்துக்குப் பச்சைத் தண்ணீர், உப்பு, பொறுமை. என் பிழைப்பே அதுதான். ஆஸ்பத்திரியில் யாருடைய ரத்தம் என்று நாங்கள் பார்ப்பதில்லை. எடை போட்டு டிரம்முக்குள் தள்ளிவிடுவோம். இந்த லேஸை மட்டும் கிண்ணத்தில் ஊறப் போட்டுவிட்டு, தண்ணீரைக் கொட்ட மனசு வராமல் உட்கார்ந்திருந்தேன். பிறகு பால்கனித் தொட்டியில் இருக்கிற செடிக்கு ஊற்றலாமா என்று யோசித்தேன். உப்புத் தண்ணீர் என்பது ஞாபகம் வந்து சாக்கடையிலேயே கொட்டினேன். இதை யாரிடமும் சொல்லவில்லை. உன்னிடம் ஏன் சொல்கிறேன் என்றும் தெரியவில்லை.

மெத்தையை நான் முதலில் தனியாகத்தான் பார்த்தேன். கட்டை விரல் இருந்த இடம் குழியாக இருக்கிறது. சுண்டு விரல் படவே இல்லை. வீட்டுக்குள் வெறுங்காலோடு நடக்கும்போதும் அவர் அப்படித்தான் அந்த விரலைத் தூக்கிக்கொண்டு நடப்பார். எனக்குத் தெரிந்த விஷயம்தான், மறந்திருந்தேன்.

பாப்பாவிடம் காட்டினேன். அவள் தரையில் வைத்துத் தன் காலை அதில் வைத்துப் பார்த்தாள். "இன்னும் ரெண்டு வருஷத்துல சரியா இருக்கும்மா" என்றாள். இவளும் மலைக்குப் போகப் போகிறாளா?

சேறு இன்னும் அப்படியே இருக்கிறது. நீதான் கடைசிக்கு வைக்கச் சொன்னாயே.

அண்ணி


ஜூன் 26

அன்புள்ள அண்ணிக்கு,

உங்கள் கடிதத்தை எத்தனை தடவை படித்தேன் என்று கேட்காதீர்கள். அந்தச் சுண்டு விரலை வீட்டில் எல்லாரும் கிண்டல் செய்வோம். "அது முதலாளி, வேலை செய்யாது" என்பார் அண்ணன்.

அந்த ஷூ வாங்கின கதை உங்களுக்கு முழுசாகத் தெரியாது. எங்கள் கடையில் போட்டுப் பார்ப்பதற்காக ஒரு சின்ன மரச்சரிவு இருக்கிறது. மேலே கல் ஒட்டியிருக்கும். வருகிறவர்கள் இரண்டு தடவை ஏறி இறங்கிவிட்டு "சரி, கட்டுங்க" என்பார்கள். அண்ணன் விடவே இல்லை. ஏறுகிறார், இறங்குகிறார், பக்கவாட்டில் நிற்கிறார், ஒற்றைக் காலில் நிற்கிறார். மேனேஜர் வந்து "சார் இன்னும் உச்சிக்குப் போய்ச் சேரலையா?" என்று கேட்டார். அதற்கு அண்ணன் சொன்னார்: "நான் லிஃப்ட் மெக்கானிக்குங்க. வாரம் பூரா மத்தவங்க படி ஏறாம இருக்கறதுக்காக உழைக்கிறேன். ஞாயித்துக்கிழமை ஒரு நாள் நானும் ஏறிக்கறேனே." கடையே சிரித்தது. எனக்குக் கொஞ்சம் வெட்கமாகவும் இருந்தது, பெருமையாகவும் இருந்தது.

இறங்கும்போது விரல் முன்னால் போய் முட்டக் கூடாது என்று நான் அளவை மாற்றி மாற்றிக் கொடுத்தேன். ஐந்தாவது ஜோடிதான் அது. "இது என் காலுக்குன்னே பொறந்திருக்குடா" என்றார். அன்றைக்கு மழை பெய்தது. போட்டுக்கொண்டே வெளியே போய்ச் சாலையில் தேங்கிய தண்ணீரில் குழந்தை மாதிரி நின்றார், உள்ளே தண்ணீர் போகிறதா என்று பார்க்க.

வழுக்கல் அதிகமான இடத்தில் கூட நின்று பிடிக்கிற ரப்பர் அது. அதைத்தான் நான் தேர்ந்தெடுத்தேன். இதை எனக்காகச் சொல்லவில்லை.

பாப்பா மலைக்குப் போவாளா என்று எனக்குத் தெரியாது. போகாதே என்று சொன்னால் போவாள். அந்த விஷயத்தில் அவள் அப்பா மாதிரியும் இல்லை, உங்கள் மாதிரியும் இல்லை. இரண்டு பேரும் சேர்ந்தது.

மேல் பாகம் காய்ந்ததும் அடிப்பாகத்துக்கு வாருங்கள். ரப்பருக்குக் கெட்டியான பிரஷ் போடலாம், பயப்பட வேண்டாம். பள்ளத்துக்குள் மாட்டியிருக்கும் கல்லை மரக்குச்சியால் நெம்பி எடுங்கள், கத்தி வேண்டாம். ரப்பருக்கும் மேல் பாகத்துக்கும் நடுவில் ஒரு விரல் தடிமனுக்கு நுரைப் பட்டை இருக்கும். அதை மட்டும் மெதுவாகத் தொடுங்கள்.

தம்பி


ஜூலை 3

மெதுவாகத்தான் தொட்டேன்.

வலது ஷூவின் அடி கையோடு வந்துவிட்டது. குதிகால் பக்கம் பிரஷை வைத்து ஒரே ஒரு இழுப்பு. ரப்பர் தனியாகத் தொங்குகிறது. நடுவில் இருந்த உன் நுரைப் பட்டை ரஸ்க் மாதிரி பொடிப் பொடியாகக் கொட்டுகிறது. விரலால் அழுத்தினால் மாவாகிறது. இடதும் அழுத்தினால் உள்ளே நொறுங்குகிற சத்தம் கேட்கிறது.

இதைப் போட்டுக்கொண்டுதான் அந்த மனுஷன் ஈரப் பாறையில் கால் வைத்தார். பாறை வழுக்கவில்லை. அடி கழன்றிருக்கிறது.

அன்றைக்கு எல்லார் முன்னாலும் நான் சொன்னபோது பெரியவர்கள் எல்லாரும் "துக்கத்துல பேசறா, விடு" என்றார்கள். துக்கத்தில் பேசினேனா? இப்போது சொல். நின்று பிடிக்கிற ரப்பர் என்று போன கடிதத்தில் எழுதினாயே, அது எதில் ஒட்டியிருந்தது என்று பார்த்தாயா?

பாப்பாவுக்கு இன்னும் சொல்லவில்லை.


ஜூலை 9

அண்ணிக்கு,

அந்த நுரைக்கு அப்படி ஒரு குணம் இருக்கிறது. காற்றில் இருக்கும் ஈரத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குடித்து, வெளியே ஒன்றும் தெரியாமல், உள்ளுக்குள் உடையும். வாங்கிச் சில வருஷம் ஆன ஷூக்களில் வரும். போட்டு நடந்துகொண்டே இருந்தால் மெதுவாக வரும். ஈரத்தோடு மூடி வைத்தால் சீக்கிரம் வரும். அந்த உறைக்குள் ஒன்றேகால் வருஷம் கிடந்ததில் இப்படி ஆகியிருக்கலாம்.

ஆகியிருக்கலாம் என்றுதான் எழுத முடிகிறது. மலையிலேயே உடைய ஆரம்பித்திருந்ததா என்று கேட்டால், இல்லை என்று சத்தியம் செய்ய என்னால் முடியாது. நான் பார்க்கவில்லை. வாங்கி ஐந்து வருஷம் ஆகியிருந்தது. அண்ணன் ஒவ்வொரு தடவை இங்கே வரும்போதும் நான் அதைத் திருப்பி அடியைப் பார்ப்பேன். அந்தக் கடைசி மழைக்காலத்தில் அவர் வரவில்லை.

நான் வக்காலத்து வாங்க வரவில்லை. வேறு யாராவது இந்த ஷூவைக் கொண்டுவந்து கேட்டிருந்தால் "உறைக்குள்ள கெட்டதுதான், கவலைப்படாதீங்க" என்று சுலபமாகச் சொல்லியிருப்பேன். உங்களிடம் ஒரு வார்த்தை கூடுதலாகச் சொல்ல எனக்குப் பயமாக இருக்கிறது.

நீங்கள் என்ன முடிவு செய்தாலும் அது எனக்குச் சரி.

தம்பி


ஜூலை 21

அண்ணிக்கு,

பதில் எதிர்பார்த்து எழுதவில்லை. பாப்பா எப்படி இருக்கிறாள் என்று மட்டும் ஒரு வரி எழுதினால் போதும்.

நான் இப்போது பழுது பார்க்கிற அறையில் இல்லை. கிடங்குக்கு மாற்றச் சொல்லிக் கேட்டுக்கொண்டேன். பெட்டிகளை அடுக்குகிற வேலை. மேனேஜர் காரணம் கேட்டார். முதுகு வலி என்றேன். முதுகு வலிக்காரன் பெட்டி தூக்கவா போவான் என்று அவருக்கும் தெரியும். யாராவது பழைய ஷூவைக் கொண்டுவந்து மேசையில் வைத்தால் அதைத் திருப்பிப் பார்க்க எனக்குக் கை வரவில்லை.

தம்பி


ஜூலை 30

தம்பிக்கு,

நிதானமாகப் படி. உட்கார்ந்து படி.

நுரையைப் பற்றி நீ எழுதின கடிதம் வந்த அன்றே ஷூவைக் கறுப்புப் பையில் கட்டிக் குப்பைத் தொட்டியில் போட்டுவிட்டேன். பாப்பா என்னோடு பேசுவதை நிறுத்திவிட்டாள். நானும் கெஞ்சவில்லை. சாப்பாட்டு மேசையில் இரண்டு தட்டுச் சத்தம் மட்டும் கேட்கும்.

நேற்று சலவைக் கூடத்தில் ஒரு சண்டை. அறுவை சிகிச்சை அறையிலிருந்து வந்த விரிப்பு ஒன்றில் பெரிய கிழிசல். "உங்க மெஷின்தான் கிழிச்சிருக்கு" என்று அந்த அறைக்காரர் குதிக்கிறார். இது எங்களுக்கு வாரம் ஒரு தடவை நடப்பதுதான். நான் கிழிசலை விரித்துக் காட்டினேன். "இந்த ஓரத்தைப் பாருங்க சார். நூல் நுனி வரைக்கும் கறை ஏறியிருக்கு. கறை பட்டபோதே இது கிழிஞ்சிருந்துச்சு. எங்ககிட்ட வந்து கிழிஞ்சிருந்தா நுனி வெள்ளையா இருக்கும்" என்றேன். அவர் வாயை மூடிக்கொண்டு போய்விட்டார்.

அவர் போன பிறகு என்னால் அந்த விரிப்பைக் கீழே வைக்க முடியவில்லை. இஸ்திரி மேசைக்காரி "என்னக்கா, மயக்கமா?" என்று நாற்காலியை இழுத்துப் போட்டாள். நான் உட்காரவில்லை. அனுமதி கேட்டுக்கொண்டு வீட்டுக்கு ஓடினேன்.

குப்பைத் தொட்டியை எப்போதோ காலி செய்துவிட்டார்கள். வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டேன். பள்ளிக்கூடம் விட்டு வந்த பாப்பா என்னை அந்தக் கோலத்தில் பார்த்துவிட்டு, ஒன்றும் கேட்காமல் உள்ளே போய்த் தன் கட்டிலுக்கு அடியிலிருந்து கறுப்புப் பையை இழுத்து வந்தாள். நான் போட்ட அன்றைக்கே எடுத்து ஒளித்து வைத்திருக்கிறாள். "திட்டறதுன்னா திட்டு" என்றாள். நான் அவளைக் கட்டிக்கொண்டேன். அவள் விறைப்பாக நின்றாள். பிறகு நிற்கவில்லை.

ஜன்னல் வெளிச்சத்தில் செய்தித்தாளை விரித்து இரண்டு பேரும் பார்த்தோம். வலது ஷூவின் உடைந்த பக்கம் சுத்தமான மஞ்சள். ஒரு மணல் இல்லை. ஒரு பொட்டுச் சேறு இல்லை. கணுக்கால் வரை ஓடைச் சேற்றில் கிடந்த ஷூ, தம்பி. அங்கேயே வாய் திறந்திருந்தால் உள்ளே எல்லாம் சேறு ஏறியிருக்காதா? இடது ஷூவின் அடியை நான் இன்னும் தேய்க்கவே இல்லை. ரப்பரிலிருந்து தோல் வரைக்கும் பக்கவாட்டில் சேறு ஒரே பூச்சாகக் காய்ந்திருக்கிறது, எங்கேயும் விரிசல் இல்லை. அதை நகத்தால் பெயர்த்தேன். அதற்குப் பின்னால் நுரை உடைந்து கிடக்கிறது. சேறு பூசிக் காய்ந்த பிறகுதான் உள்ளே உடைந்திருக்கிறது. சந்தேகமே இல்லை. வேறு எதில் வேண்டுமானாலும் என்னை ஏமாற்றலாம். அழுக்கில் ஏமாற்ற முடியாது.

உன் ஷூ அவரைத் தள்ளவில்லை. விழுகிற வரைக்கும் முழுசாகத்தான் இருந்தது. பாறை ஈரமாக இருந்தது, வழுக்கியது, விழுந்தார். அந்தத் தாளில் எழுதியிருந்ததுதான் நடந்தது.

இதை உடனே உனக்கு எழுத வேண்டும் என்று உட்கார்ந்தேன். எழுத முடியவில்லை. நேற்று ராத்திரி முழுக்க அழுதேன். துக்க வீட்டில் நான் அழவில்லை என்று சொந்தக்காரர்கள் பேசிக்கொண்டது உனக்குத் தெரியும். அப்போது எனக்கு உன் மேல் கோபம் இருந்தது. அதைப் பிடித்துக்கொண்டுதான் இத்தனை நாளும் எழுந்தேன், பல் தேய்த்தேன், வேலைக்குப் போனேன். இப்போது யாரைத் திட்டுவேன்? மழையையா? ஞாயிற்றுக்கிழமை காலையில் "நீயும் ஒரு தடவை வாயேன்" என்று கூப்பிடுவார். "வாரத்துல ஒரு நாள்தான் தூக்கம், ஆளை விடுங்க" என்று திரும்பிப் படுத்துக்கொள்வேன். அவர் கதவைச் சத்தமில்லாமல் சாத்துவார். அவ்வளவுதான் நடந்தது. யாரும் எதுவும் செய்யவில்லை, அவர் இல்லை.

அன்றைக்கு எல்லார் முன்னாலும் சொன்னேன். எல்லாரையும் மறுபடியும் கூட்டி இல்லை என்று சொல்ல வேண்டுமென்றாலும் சொல்கிறேன். நீ முதலில் அந்தக் கிடங்கை விட்டு வெளியே வா.

அண்ணி


ஆகஸ்ட் 6

அன்புள்ள அண்ணிக்கு,

கிடங்கில் மேல் தட்டுக்கு ஏறுகிற ஏணியில் உட்கார்ந்து படித்தேன். கீழே இருந்தவர் "என்னப்பா, ஊர்ல யாருக்காவது ஏதாவதா?" என்று கேட்டார். ஆமாம் என்றேன். எப்போது என்று கேட்டார். சொல்லத் தெரியவில்லை.

யாரையும் கூட்ட வேண்டாம் அண்ணி. நீங்கள் என்னிடம் சொன்னது போதும்.

உடைந்த பக்கத்தில் சேறு இருக்கிறதா பாருங்கள் என்று நான்தான் முதலில் கேட்டிருக்க வேண்டும். எத்தனையோ ஷூவைப் பார்த்தவன். கேட்டு, நீங்கள் பார்த்து, அங்கே சேறு இருந்துவிட்டால் என்ன செய்வது என்ற பயத்தில் எனக்கு அது தோன்றவே இல்லை போலிருக்கிறது.

இனி கோபப்பட யார் இருக்கிறார்கள் என்று கேட்டிருந்தீர்கள். வேண்டுமானால் இன்னும் கொஞ்ச நாள் என்னையே திட்டுங்கள். எனக்குப் பழகிவிட்டது. உங்களிடமிருந்து கடிதமே வராமல் இருப்பதைவிட அது எவ்வளவோ மேல்.

மேல் பாகம் நன்றாக இருந்தால் புது அடி போட முடியும். போட வேண்டும் என்றால் நான் போட்டுத் தருகிறேன். வேண்டாம் என்றாலும் சரி. மீதி நுரையைச் சுரண்டி எடுத்துவிடுங்கள், இல்லையென்றால் வீடெல்லாம் பொடி உதிரும். வழவழப்பான தோலுக்கு மட்டும் கொஞ்சம் ஷூ கிரீம் தடவலாம். பழுப்புத் தோலில் பட்டால் கறுத்துவிடும், பார்த்துச் செய்யுங்கள்.

திங்கட்கிழமையிலிருந்து பழைய அறைக்கே போகிறேன்.

தம்பி


ஆகஸ்ட் 17

அன்புள்ள தம்பிக்கு,

ஷூ சுத்தமாகிவிட்டது. நுரையைச் சுரண்டிவிட்டு ரப்பரை அடியில் வைத்து ஒரு நூலால் கட்டியிருக்கிறேன். தூரத்திலிருந்து பார்த்தால் தெரியாது. தோலுக்கு கிரீம் தடவியது பாப்பா. உன் பயம் வீண், ஒரு சொட்டுகூட வெளியே படவில்லை. லேஸை அவளே கோத்தாள். அவர் கட்டுகிற மாதிரி மேலே ஒரு துளையை விட்டுவிட்டுக் கட்டியிருக்கிறாள். இதையெல்லாம் எப்போது கவனித்தாள் என்று தெரியவில்லை.

அவள் கேட்ட இடத்திலேயே, வாசல் கதவுக்குப் பக்கத்தில் வைத்தோம். மூன்று நாள் நானும் போகும்போதும் வரும்போதும் பார்த்துக்கொண்டேன். நன்றாகத்தான் இருந்தது.

நேற்று மாலை ஒருவர் சமையல் எரிவாயு குழாயைச் சோதிக்க வந்தார். புது ஆள். வாசலில் ஷூவைப் பார்த்திருக்கிறார். சோதித்து முடித்துவிட்டு, "ஒரு வால்வு மாத்தணும்மா. சாரைக் கூப்பிடுங்க, அவர்கிட்ட காட்டிட்டுப் போயிடறேன்" என்றார். அவர் இல்லை என்றேன். "ஓ, தூங்கறாரா? பரவாயில்ல, எந்திரிச்சதும் சொல்லுங்க" என்றார். இத்தனை நாளில் தெரிந்தவர்களிடம்தான் பேசியிருக்கிறேன். எல்லாருக்கும் முன்கூட்டியே தெரியும். தெரியாத ஒருவரிடம் என் வாயால் நான் சொன்னதே இல்லை என்று அப்போதுதான் உறைத்தது.

உள்ளேயிருந்து பாப்பா வந்தாள். "அப்பா செத்துட்டாங்க அங்கிள். என்கிட்ட காட்டுங்க, நான் பார்க்கறேன்" என்றாள். அவர் பதறிப்போய் மன்னிப்புக் கேட்டார். அவள் குனிந்து வால்வைப் பார்த்தாள். எந்தப் பக்கம் திருப்பினால் மூடும் என்று கேட்டுக்கொண்டாள். அவள் குரல் உடையவே இல்லை.

அவர் போன பிறகு அவளிடம் ஷூவை உள்ளே எடுத்து வைத்துவிடலாமா என்று கேட்டேன். "உனக்கு எப்படித் தோணுதோ செய்மா" என்றாள். எனக்கு ஒன்றும் தோன்றவில்லை. உள்ளே வைத்தால் அலமாரியில் அடைத்த மாதிரி இருக்கிறது. வெளியே இருந்தால் வருகிறவர்கள் எல்லாரும் அவரைக் கூப்பிடச் சொல்வார்கள்.

எப்படித் தேய்க்க வேண்டும், எப்படிக் காய வைக்க வேண்டும் என்று அத்தனையும் எழுதினாய். சுத்தம் செய்து முடித்த பிறகு என்ன செய்ய வேண்டும் என்று நீ எழுதவில்லை. தெரிந்தால் எழுது.

அண்ணி


ஆகஸ்ட் 22

அண்ணி,

அது எனக்கும் தெரியவில்லை.

சனிக்கிழமை வண்டி ஏறுகிறேன். ஞாயிறு காலையில் அங்கே இருப்பேன். நீங்கள் தூங்குங்கள், எனக்காக எழுந்திருக்க வேண்டாம். பாப்பாவைக் கதவைத் திறக்கச் சொல்லுங்கள். அதுவரை ஷூ இருக்கிற இடத்திலேயே இருக்கட்டும்.

என் ஷூவை அதற்குப் பக்கத்தில் கழற்றி வைக்கலாமா?

தம்பி